வழுக்கையாற்றின் மேற்குக் கரையில் ஒரு கேக்

1994 நவம்பர் 18, வெள்ளிக்கிழமை. காலை ஐந்து மணிக்கு எழும்பினேன். ஜாம் போத்தல் விளக்கைக் கொளுத்தி, சங்கீதம் ஒன்றை வாசித்து ஜெபித்தேன். கோழிக்கூட்டைத் திறந்துவிட்டேன், இரண்டு முட்டை. கிணற்றை எட்டிப் பார்த்தேன். குனிந்தால் வாளி இல்லாமலே அள்ளலாம் போலத் தண்ணீர் ஏறியிருந்தது. மூன்று நாள் மழை அன்றைக்குத்தான் விட்டிருந்தது. ஏழு மணிக்கு அண்ணைக்குப் புட்டும் சம்பலும் பிளேன்ரீயும் கொடுத்தேன். பாடசாலைக்கு லீவு எழுதிக் கொடுத்திருந்தபடியால் அவசரம் இல்லை. எட்டு மணிக்கு முன்னறையைத் திறந்து, மேசையில் இருந்த கேக்கின் மூன்று தட்டுகளையும் சுற்றிவரப் பார்த்தேன். மேசைக் கால்கள் நான்கும் தண்ணீர் விட்ட சிரட்டைகளில் நின்றன. ஓர் எறும்புகூட ஏறவில்லை.

மறுநாள் சனிக்கிழமை என் தங்கையின் மகளுக்கு நவாலியில் கலியாணம். நானும் அண்ணையும் இருந்தது வட்டுக்கோட்டையில். கேக் செய்து கொண்டுபோய்ச் சேர்ப்பது என் பொறுப்பு.

அந்தக் கேக்கைப் பற்றிச் சொல்வதென்றால் தங்கையின் கலியாணத்திலிருந்து தொடங்க வேண்டும். அது 1973இல் நடந்தது. கடைகளில் மாவும் சீனியும் கண்ணில் தெரியாத காலம். குரக்கன் மாவிலும் பனங்கட்டியிலும் ஒரு கேக் சுட்டோம். கறுப்பாக, நடுவில் குழிந்து வந்தது. மாப்பிள்ளையின் மாமா ஒருவர், "உதுக்குக் கத்தி காணாது, கோடாலி கொண்டுவாங்கோ" என்று சபையில் சொன்னார். எல்லோரும் சிரித்தார்கள். தங்கையும் சிரித்தாள். ஆனால் அதற்குப் பிறகு எந்தக் கலியாண வீட்டுக்குப் போனாலும் அவள் முதலில் கேக் மேசையைத்தான் ஒரு சுற்றுச் சுற்றிவந்து பார்ப்பாள். மகளுக்குக் கரவெட்டியில் மாப்பிள்ளை பேசி முடிந்ததும், கேக்கைத் தாங்களே கொண்டுவருவதாக மாப்பிள்ளை வீட்டார் சொன்னார்கள். தங்கை விடவில்லை. "வேண்டாம். அக்கா செய்யிறா. மூண்டு தட்டு" என்றாள். என்னிடம் கேட்காமலே சொல்லிவிட்டு, பிறகுதான் வந்து என் கையைப் பிடித்தாள்.

ஐப்பசி முழுவதும் சாமான் சேர்த்தேன். ரவையும் சீனியும் அந்த வருடம் ஓரளவு கிடைத்தன. கஜுப்பருப்பை அண்ணையின் பழைய சிநேகிதர் ஒருவர் தந்தார். கேக்கில் போடும் பூசணி அல்வாவை நானே காய்ச்சினேன். ஐசிங் சீனிதான் பெரும் பாடு. என்னுடன் படிப்பித்த ஒரு ஆசிரியை கொழும்புக்குப் போய்வந்தபோது, சேலைகளுக்கு நடுவில் பொதிந்து, சண்டையால் தரைப்பாதை மூடியிருந்தபடியால் கிளாலிக் கடலில் வள்ளமேறிக் கொண்டுவந்து சேர்த்தார். கடல் கடந்து வந்த அந்தச் சீனி ஆற்றைக் கடக்க மாட்டாமல் நிற்கப்போகிறது என்று அப்போது யாரும் நினைக்கவில்லை.

எங்கள் ஊர்க்காரர் மட்டுமே விடக்கூடிய பிழை அது. வழுக்கையாறு யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஆறு என்று சொல்லக்கூடிய ஒன்றே ஒன்று. தெல்லிப்பழை, அளவெட்டிப் பக்கத்துக் குளங்களிலும் பள்ள வயல்களிலும் தொடங்கி, கந்தரோடை, சங்குவேலி, சண்டிலிப்பாய், கட்டுடை என்று தெற்கே இறங்கி, நவாலிக்கும் வட்டுக்கோட்டைக்கும் நடுவால் போய், அராலியில் கடல்நீரேரியில் விழுகிறது. மொத்தம் பத்து மைல் வரும். மலையும் இல்லை, ஊற்றும் இல்லை. மாரி மழைக்கு ஒரு குளம் நிரம்பி அடுத்த பள்ளத்துக்கு வழியும். அது நிரம்பி அதற்கடுத்ததற்கு வழியும். அப்படி வழிந்து வழிந்து கடலைத் தொடுகிற நாள் முதல் அது ஆறு. மாசி பிறந்த பிறகு தேடினால் கிடைக்காது. அதன் மடியில் மாடு மேயும், பெடியள் கிரிக்கெட் விளையாடுவார்கள், வட்டுக்கோட்டையிலிருந்து நவாலிக்குப் போகிறவர்கள் குறுக்கே நடந்து போவார்கள்.

நாங்கள் கேக்குக்குத் திட்டம் போட்டது ஆகஸ்ட் மாதத்தில். றோட்டால் கொண்டுபோனால் குண்டும் குழியும் ஐசிங்கை வெடிக்க வைக்கும். வயல் பாதை தட்டையானது, கல் இல்லை. மூன்று பேர் ஆளுக்கு ஒரு தட்டாகக் கையில் ஏந்தி ஆறுதலாக நடந்தால் போதும். அண்ணை, தங்கை, நான் மூவரும் பாதையை நடந்து பார்த்தோம். "இதைவிட நல்ல வழி கிடையாது" என்று அண்ணை முடிவு சொன்னபோது நாங்கள் நின்றது ஆற்றின் நட்டநடுவில். காலுக்குக் கீழே காய்ந்த புல். கலியாணம் கார்த்திகையில் என்பதும் எங்களுக்குத் தெரியும். ஆறு கார்த்திகையில் வரும் என்பதும் தெரியும். இரண்டையும் ஒருவரும் சேர்த்துப் பார்க்கவில்லை.

ஒன்பது மணிக்கு, பாதையைப் பார்த்துவரப் போன அண்ணை முழங்கால்வரை சேற்றோடு திரும்பினார்.

"கொஞ்சம் தண்ணி நிக்குது" என்றார்.

"எவ்வளவு?"

"அந்த மாடு கட்டுற பூவரச மரம் இருக்கெல்லே?"

"ஓம்."

"அதின்ரை தலை தெரியுது."

தபால் கந்தோரில் இருந்து ஓய்வு பெற்ற அண்ணைக்கு வழுக்கையாற்றை ஆறு என்று சொன்னால் பிடிக்காது. பதினொரு வருடம் கண்டியிலும் பேராதனையிலும் வேலை பார்த்தவர். "ஆறு எண்டால் மகாவலி. உது வெள்ளவாய்க்கால்" என்பார். அன்றும் அதையே சொன்னார். "வெள்ளவாய்க்கால் பின்னேரம் வடிஞ்சு போம். பாத்துக்கொண்டிருப்பம்."

எனக்குப் பொறுமை இல்லை. சனிக்கிழமை காலை பத்து மணிக்கு ஆராதனை. அதைத் தள்ளிப்போடவும் வழியில்லை. அடுத்த கிழமை தாண்டினால் திருவருகைக் காலம் தொடங்கும், எங்கள் கோயிலில் அப்போது கலியாணம் வைப்பதில்லை. கரவெட்டியார் வந்து பார்க்கும்போது மேசை வெறுமையாக இருந்தால் தங்கையின் முகம் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். அந்த முகத்தை நான் ஒருதரம் பார்த்திருக்கிறேன்.

பத்து மணிக்கு, பக்கத்து ஒழுங்கையில் லாண்ட்மாஸ்டர் வைத்து வயல் உழுகிறவரைக் கூப்பிட்டோம். கொழுத்த, சிரித்த முகமுள்ள மனிதர். மண்ணெண்ணெயில் ஓடும் அந்த இரண்டு சில்லு உழவு இயந்திரத்துக்குப் பின்னால் இழுவைப் பெட்டியைக் கொழுவி, வைக்கோல் பரப்பி, பழைய மெத்தை ஒன்றைப் போட்டு, அதற்கு மேல் மூன்று அட்டைப்பெட்டிகளையும் வைத்தோம். நான் நடுவில் இருந்து பெரிய பெட்டியைக் கட்டிப்பிடித்துக்கொண்டேன். அண்ணை சின்னதை மடியில் வைத்துக்கொண்டார்.

"எந்தப் பக்கம் அக்கா?" என்று சாரதி கேட்டார்.

தெற்கே அராலி, வடகிழக்கே கட்டுடை. அராலியில் ஆறு கடலில் விழுகிற இடத்தில் கதவுகள் வைத்த அணைக்கட்டு உண்டு. கோடையில் உப்புத்தண்ணீர் ஏறி வயலையும் கிணற்றையும் கெடுக்காமல் அதை மூடி வைப்பார்கள், மாரியில் திறந்துவிடுவார்கள். அங்கே போவோம் என்றுதான் முதலில் திரும்பினோம். சங்கரத்தைச் சந்தியில் எதிரே சைக்கிளில் வந்தவர் காலை ஊன்றி நிறுத்தினார்.

"எங்கை போறாய் மச்சான்?"

"அராலியாலை நவாலிக்கு."

"அங்கை கதவெல்லாம் திறந்திருக்கு. ஆறெது கடலெதெண்டு தெரியேல்லை. கல்லுண்டாய் வெளி முழுக்கத் தண்ணி. வள்ளம் வைச்சிருக்கிறியோ?"

சாரதி இயந்திரத்தைத் திருப்பினார். "ஆர் அவர்?" என்று கேட்டேன். "எங்கடை மச்சான் ஒருத்தன்" என்றார்.

கட்டுடைக்குப் போய்ச் சேரப் பதினொன்றரை. காரைநகர் றோட்டு அங்கேதான் ஆற்றைக் கடக்கிறது. பாலம் நின்றது, ஆனால் பாலத்துக்கு ஏறுகிற இடத்தில் றோட்டைக் காணவில்லை. பழுப்புத் தண்ணீர் ஒடுங்கிய வாய்க்குள்ளால் சத்தம் போட்டுக்கொண்டு ஓடியது. மதகுக் கட்டில் ஏழெட்டுப் பெடியள் வரிசையாகக் குந்தியிருந்து விடுப்புப் பார்த்தார்கள்.

"அக்கா, பெட்டிக்குள்ளை என்ன?"

"கலியாணக் கேக்" என்று அண்ணை சொல்லிவிட்டார். சொல்லியிருக்கக் கூடாது.

"அப்ப இஞ்சையே வெட்டுங்கோ! மாப்பிள்ளைதானே வேணும்? இவன் இருக்கிறான்!" என்று ஒருவனைத் தூக்கிக் காட்டினார்கள். அவன் வெட்கத்தில் சாரத்தால் முகத்தை மூடினான். எனக்கும் சிரிப்பு வந்தது. பெட்டியை விட்டுவிடாமல் சிரித்தேன்.

அண்ணை தண்ணீரை வெகுநேரம் பார்த்தார். "எந்த ஆறும் மேலை போகப் போக ஒடுங்கும்" என்றார். "அதுதான் பூகோளம். வடக்கை போவம். பாய்ஞ்சு கடக்கிற இடம் ஒண்டு வராமல் போகாது."

"வெள்ளவாய்க்கால் எண்டனீங்கள். இப்ப ஆறு எண்டு சொல்லுறியள்."

"பேச்சுக்குச் சொன்னனான்."

சண்டிலிப்பாயைத் தாண்டி, மேற்குக் கரையோரமாக வடக்கே போனோம். அந்தப் பயணத்தை நான் மறக்கவில்லை. வெயில் எறித்தது. ஒரு முழம் வளர்ந்த நெல் தண்ணீருக்கு மேல் நுனியை மட்டும் காட்டிக்கொண்டு நின்றது. வரம்புகளில் கொக்குகள். ஒரு மதகடியில் இரண்டு பெண்பிள்ளைகள் சேலைத் துண்டை விரித்துப் பிடித்து மீன் வாரிக்கொண்டிருந்தார்கள்; லாண்ட்மாஸ்டரைக் கண்டு கையசைத்ததில் மீன் எல்லாம் போய்விட்டது. சாரதி ஒவ்வொரு கிராமத்திலும் நிறுத்தி யாரோ ஒருவரிடம் ஆற்றைப் பற்றி விசாரித்தார். எல்லோரும் அவருக்கு மச்சான்மார். "உங்கடை ஆக்கள் ஆற்றங்கரை முழுக்க இருக்கினமோ?" என்று கேட்டேன். "ஓம் அக்கா. எங்கடை அப்பு எருமை மேய்ச்சவர். ஆறு போற இடமெல்லாம் போய்ப் பெண் குடுத்துப் பெண் எடுத்துப்போட்டார்" என்றார்.

கந்தரோடைக்கு மேற்கே, வயல்வெளி திறக்கிற இடத்தில் இயந்திரம் நின்றது. முன்னால் தண்ணீர். கட்டுடையில் நாற்பது அடி அகலத்தில் ஓடிய ஆறு இங்கே கால் மைல் அகலத்துக்கு வெறும் தகடாகக் கிடந்தது. எதிர்க்கரைப் பனைகள் விரல் அளவில் தெரிந்தன.

"அண்ணை, இது ஒடுங்கின மாதிரியோ?"

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி போட்டார். "அகலத்தாலை ஒடுங்கேல்லை. ஆழத்தாலை ஒடுங்கியிருக்கு."

உண்மையில் அவர் சொன்னது சரி. கீழே கரை கட்டி ஒடுக்கியிருப்பதால் தண்ணீருக்கு ஆழமும் வேகமும் உண்டு. மேலே கரை என்று ஒன்றில்லை. வயலும் ஆறும் ஒன்றுதான். தண்ணீர் ஓடுவதே தெரியாது; ஒரு வைக்கோல் துரும்பைப் போட்டால் யோசித்து யோசித்துத் தெற்கே போகும். சாரதி இறங்கி நடந்து பார்த்தார். இடுப்பளவு. ஆட்கள் கடக்கலாம். கேக்?

வயலோரம் ஒரு வீடு இருந்தது. சாரதியின் மச்சான் ஒருவரின் வீடு என்று சொல்லத் தேவையில்லை. அவருடைய மனைவி முற்றத்தில் நின்று எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். சுவரில் சாய்த்து வைத்திருந்த பெரிய செப்புக் கிடாரத்தை நான் பார்த்தேன், சாரதியும் பார்த்தார். நெல் அவிக்கிற கிடாரம், ஒரு பிள்ளை உள்ளே குந்தக்கூடிய அளவு.

விஷயத்தைச் சொன்னதும் அந்த அம்மா கையைக் கன்னத்தில் வைத்தார். "கேக்கோ? முட்டை போட்டதோ?"

"அறுபது முட்டை" என்றார் அண்ணை. அதையும் சொல்லியிருக்கக் கூடாது.

"ஐயோ! இண்டைக்கு வெள்ளிக்கிழமை எல்லே. நாங்கள் அடுப்பிலை மச்சமாமிசமே வைக்கிறேல்லை. அறுபது முட்டையை என்ரை கிடாரத்துக்கை வைக்கிறதோ?"

அவருடைய கணவர் பின்னாலிருந்து, "நெல்லவிக்கிற கிடாரந்தானே, பொங்கிற பானையோ?" என்றார்.

"நீங்கள் சும்மா இருங்கோ. ஆரின்ரை கலியாணம், பிள்ளை?"

"என்ரை தங்கச்சியின்ரை மகளுக்கு. நாளைக்குக் காலமை."

அவர் தண்ணீரைப் பார்த்தார், பெட்டிகளைப் பார்த்தார். "எனக்கும் ஒருத்தி இருக்கிறாள், கட்டிக் குடுக்க" என்றார். பிறகு உள்ளே போய் இரண்டு தலைவாழை இலையோடு வந்தார். "அடியிலையும் சுத்திவரவும் வாழையிலை போடுங்கோ. முட்டை செம்பிலை படப்படாது. பட்டால் எனக்குச் சொல்லாதேயுங்கோ."

வைக்கோல், இலை, அதற்குமேல் பெரிய தட்டு. சாரதி ஒரு வளையத்தைப் பிடித்தார், வீட்டுக்காரர் மற்றதைப் பிடித்தார். கிடாரம் மிதந்தது. பாரம் இருந்ததால் அசையாமல், மிகவும் மரியாதையாகப் போனது. நான் சேலையைச் செருகிக்கொண்டு பின்னால் இறங்கினேன். சேறு குளிர்ந்து, விரல்களுக்கு இடையில் ஏறியது. இடுப்பளவு தண்ணீரில் நாற்பத்தெட்டு வயதில் ஒரு கலியாணக் கேக்கின் பின்னால் நடப்பேன் என்று யாராவது சொல்லியிருந்தால் நம்பியிருக்க மாட்டேன். கிழக்குக் கரையில் சாரதி வாயில் கைவைத்துக் கூப்பிட்டார். இன்னொரு மச்சான் இன்னொரு லாண்ட்மாஸ்டரோடு வந்தார். பெட்டியை அதில் ஏற்றி, நான் காவலுக்கு நின்றேன்.

இரண்டாவது தட்டும் அப்படியே வந்தது.

மூன்றாவதைக் கொண்டுவர அவர்கள் திரும்பிப் போனபோது, அக்கரையில் ஏதோ பேச்சு நடந்தது. பிறகு கிடாரத்தோடு அண்ணை தனியாக வருவதைக் கண்டேன். "சின்னத் தட்டுக்கு இரண்டு பேரோ? விடுங்கோ, நான் கொண்டு போறன்" என்று அவர் சொன்னதாகப் பிறகு அறிந்தேன். பாரம் குறைந்த கிடாரம் தண்ணீருக்கு மேல் உயர்ந்து நின்று சுழன்றது. அண்ணை அதைத் திருப்பித் திருப்பிப் பிடித்துக்கொண்டு வந்தார். பாதி வழியில், எந்த அடையாளமும் இல்லாத இடத்தில், அவரைக் காணவில்லை.

கிடாரம் இருந்தது. அதன் வளையத்தில் ஒரு கை இருந்தது. அண்ணை இல்லை.

நான் கத்துவதற்குள் தலை வந்தது, கண்ணாடியோடு. "இஞ்சை ஒரு ஆறு இருக்கு!" என்று அவர் கூவினார். "கவனம்! இஞ்சை ஆறு இருக்கு!"

அந்தத் தண்ணீர்த் தகட்டின் நடுவில் ஆற்றின் பழைய வாய்க்கால் கழுத்தளவில் ஓடிக்கொண்டிருந்தது. முதல் இரண்டு தரமும் வீட்டுக்காரர் அந்த இடத்தில் சற்றுத் தெற்கே வளைத்து, மண் நிரவிய மேட்டால் கொண்டுவந்திருக்கிறார். அண்ணை நேர்கோட்டில் வந்தார். இரண்டு கரையிலும் சிரிப்பு. அண்ணையும் தண்ணீரைத் துப்பிக்கொண்டு சிரித்தார். சாரதியும் வீட்டுக்காரரும் பாய்ந்து வந்து கிடாரத்தைப் பிடித்தார்கள். தண்ணீர் உள்ளே போகவில்லை. ஆனால் பெட்டி பக்கவாட்டில் விழுந்து கிடந்தது. அந்த இடத்தில் அதைத் திறந்து பார்க்க எனக்கு மனம் வரவில்லை.

வீட்டுக்காரர் கிடாரத்தைத் திருப்பிக் கொண்டுபோகும்போது, "கலியாணம் முடிய உங்களுக்கும் கேக் அனுப்புறன் எண்டு அக்காவுக்குச் சொல்லுங்கோ" என்றேன்.

"நாளைக்குச் சனி, அதுவும் மரக்கறிதான். ஞாயிற்றுக்கிழமை அனுப்புங்கோ" என்றார்.

உடுவில், மானிப்பாய் வழியாக ஆற்றின் மறுகரையோரம் தெற்கே இறங்கினோம். கோடையில் குறுக்கே நடந்தால் அரை மணி நேரத்தில் முடியும் பயணம், ஆற்றின் பாதி நீளத்தை ஏறி இறங்கி, மாலை ஐந்து மணிக்கு நவாலியில் முடிந்தது. தங்கை படலை வாசலில் நின்றாள். மத்தியானத்திலிருந்து நின்றாளாம். பெட்டிகளை மேசைக்குக் கொண்டுபோகவிட்டு, பெரிய தட்டைத் திறந்து ஒரு சுற்று நடந்தாள். நடுத்தட்டைத் திறந்து ஒரு சுற்று நடந்தாள். மூன்றாவதைத் திறந்து நின்றுவிட்டாள்.

மேல்பக்கம் நன்றாக இருந்தது. ஆனால் ஒரு மூலை நசுங்கி, இரண்டு பக்கத்து ஐசிங் பாளம் பாளமாகக் கழன்றிருந்தது.

"அண்ணை, இதுக்கு மேலை இருந்து வந்தனீங்களோ?"

"நான் கீழை இருந்தனான். தண்ணிக்குக் கீழை."

அவள் சிரிக்கத்தான் சிரித்தாள். பிறகு என்னிடம் மெல்லமாக, "மூண்டு தட்டு எண்டு சொல்லிப்போட்டன் அக்கா" என்றாள். ஐசிங் சீனி ஒரு கரண்டிகூட மிச்சமில்லை. நவாலியிலும் மானிப்பாயிலும் எந்தக் கடையிலும் கிடைக்காது. "இரண்டு போதும்" என்று அவளுடைய கணவர் சொன்னார். அவள் பெட்டியை மூடினாள். நான் மணப்பெண்ணின் சாமான்களுக்குள் தேடி, பூச்செண்டு கட்ட வைத்திருந்த நாலு விரல் அகல வெள்ளைச் சாட்டின் ரிபனில் மிஞ்சியது எவ்வளவு என்று அளந்துவிட்டுப் படுத்தேன்.

மறுநாள் காலை நாலரை மணிக்கு எழும்பி, முதல் வேலையாக, அடிமட்டம் வைத்து அந்தச் சின்னத் தட்டின் நான்கு பக்கமும் ஒவ்வோர் அங்குலம் நேராக வெட்டினேன். மேல் ஐசிங் வெடிக்காமல், சுடுதண்ணீரில் தோய்த்த கத்தியால். மிஞ்சியது சின்னதாக, சதுரமாக, சுத்தமாக நின்றது. வெட்டிய பக்கங்களை மறைக்க ரிபன் ஒரு சுற்றுக்குப் போதும். தங்கை விளக்கைப் பிடித்துக்கொண்டு நின்றாள். வெட்டி விழுந்த துண்டுகளை ஒவ்வொன்றாக எடுத்து வாயில் போட்டாள்.

"விளக்கை உயர்த்திப் பிடி. எப்பிடி இருக்கு?" என்று கேட்டேன்.

அவள் வாய் நிறையக் கேக் இருந்தது. விளக்கை மட்டும் உயர்த்தினாள்.